லேத் பட்டறையில் நிற்கும் பையனைத் துரத்தாதீர்கள்

அம்மா, உங்கள் கவலை புரிகிறது. பிளஸ் டூ முடித்த பையன் கோவை கணபதியில் தாய்மாமனின் இரும்பு கடையும் லேத் பட்டறையே கதியென்று கிடக்கிறான், பெரியப்பா முதல் சொந்தக்காரர்கள் எல்லாரும் கம்ப்யூட்டர் சயின்ஸில் சேர்க்கச் சொல்கிறார்கள். சரி. ஆனால் மேனேஜ்மென்ட் சீட்டுக்காக வீட்டுப் பத்திரத்தை அடகு வைப்பதற்கு நான் ஒத்துக்கொள்ளவே மாட்டேன். அந்தக் கடனைக் கட்டப்போவது பெரியப்பா இல்லை, நீங்கள்தான்.

அந்தப் பட்டறையில் அவன் என்ன செய்கிறான் என்று ஒருநாள் நின்று பாருங்கள். சக் என்ற சுழலும் பிடிப்பானில் இரும்பு ராடை இறுக்கி, சக் சாவியை மறக்காமல் கழற்றி, முகப்பைச் சமமாக்கும் ஃபேசிங் எடுத்து, ரஃப் கட் இரண்டு மூன்று ஓட்டி, நிறுத்தி, வெர்னியரில் அளந்து, கடைசியில் மெலிசாக ஒரு ஃபினிஷிங் கட். அப்புறம் அடுத்த ராடு. நாள் முழுக்க இதே தாளம்தான், ஆனால் கவனம் கொஞ்சம் தப்பினாலும் பீஸ் வீண். வெட்டும் டூல் கத்த ஆரம்பித்தால் ஸ்பீடைக் குறைப்பேன் என்று என்னிடம் அவ்வளவு ஆசையாகச் சொன்னான். அந்தக் காதை எந்தக் கல்லூரியும் காசுக்குத் தராது.

அதற்காகச் சான்றிதழ் இல்லாமல் மாமாவிடமே இருந்துவிடவும் கூடாது. அரசு ஐ.டி.ஐ.யில் (தொழிற்பயிற்சி நிலையத்தில்) லேத் வேலைக்கான டர்னர் பிரிவு 2 வருடம். பயிற்சிக் கட்டணம் இல்லை, மாதம் 750 ரூபாய் உதவித்தொகை உண்டு. 6 முதல் 12 வரை அரசுப் பள்ளியில் படித்தவன் என்பதால் தமிழ்ப் புதல்வன் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாயும் கேட்கலாம். டூலைக் கையால் தீட்டுவது, மரை வெட்டுவது, சரிவாகக் கடையும் டேப்பர், துளையைப் பெரிதாக்கும் போரிங், டிராயிங் படிப்பது, மைக்ரோமீட்டரில் 0.01 மி.மீ. வரை அளப்பது, பிறகு கம்ப்யூட்டர் கட்டளையில் ஓடும் சி.என்.சி. மிஷின் என்று அங்கே பழகலாம். எல்லாம் மிஷினே செய்யுமே என்பார் பெரியப்பா. மிஷினுக்கு ஸ்பீடும், டூல் நகரும் வேகமான ஃபீடும் கொடுப்பது ஆள்தானே? கையால் கடைந்து பழகியவனுக்கு, கொடுத்த எண் தப்பென்றால் முதல் வெட்டின் சத்தத்திலேயே தெரிந்துவிடும்.

முடித்ததும் அப்ரென்டிஸ் போகலாம். படிக்கத் தோன்றினால் பாலிடெக்னிக்கில் நேரடியாக 2ஆம் வருடம், அங்கிருந்து பி.இ. 2ஆம் வருடம். பட்டம் எங்கும் ஓடிவிடாது.

வேலை சுலபமில்லை, காலும் முதுகும் வலிக்கும். ஓடும் லேத்தில் கையுறை, தொளதொள சட்டை கூடவே கூடாது; மாமாவிடமும் இதைக் கண்டிப்பாகச் சொல்லுங்கள்.

கல்லூரிக்கு முன்பணம் கட்டாதீர்கள். மார்க்‌ஷீட், டி.சி., சாதிச் சான்றிதழோடு பையனை ஐ.டி.ஐ.க்கு அனுப்புங்கள், விண்ணப்பத்தை அவனே நிரப்பட்டும்.