நாலே நாள் கைடு டூரில் தாய்லாந்தின் கலாசாரத்தையும் காட்டு விலங்குகளையும் உருப்படியாகப் பார்க்க முடியுமா, இல்லை பணம் தண்டமா?

முடியும். நான், அம்மா, தம்பி மூவரும் போன பிப்ரவரிப் பயணமும் நாலு பகல்தான். அதில் முதல் பகலை மொத்தமாகக் கோட்டை விட்டோம். அந்தக் கதையையும் சொல்லிவிடுகிறேன். நீங்கள் 'பாக்கேஜ்' பார்த்துக்கொண்டிருப்பவராக இருந்தால் அதுதான் முதலில் உதவும்.

'பாங்காக் கலாசாரமும் வனவிலங்கும்' என்று ஓர் ஏஜென்சியில் பணம் கட்டினோம். ஒரே பஸ்ஸில் நாற்பது பேருக்கு மேல். படுத்திருக்கும் புத்தர் இருக்கும் வாட் போ கோயிலுக்கு 35 நிமிடம். அடுத்து நகைக்கல் ஷோரூமில் ஒன்றரை மணி நேரம், அங்கே முன்கதவு வழியாகத் திரும்பி வர முடியாது, எல்லா கவுண்டரையும் சுற்றித்தான் வெளியே வரணும். பிறகு தேன் கடை. 'வனவிலங்கு' மாலையில் வந்தது: சிமென்ட் மேடையில் தாடையைப் பதித்துப் படுத்திருந்த ஒரு புலி, கழுத்தில் சங்கிலி, படம் எடுக்க வரிசை. எங்கள் முறை வந்தபோது அம்மா வரிசையை விட்டு விலகி, “வேண்டாம்டா, பாவம் அது, நம்ம ரூமுக்குப் போயிருவோம்” என்றார். அன்று ராத்திரியே மீதி மூன்று நாளை அந்த பஸ்ஸிலிருந்து கழற்றிக்கொண்டோம். கட்டிய பணம் திரும்ப வரவில்லை.

(புலியோடு படம் எடுக்கும் இடங்களைப் பற்றி ஊர் திரும்பியபின் படித்தேன். காஞ்சனபுரியில் 'புலிக்கோயில்' என்று ஒன்று இருந்தது. 2016-இல் அரசு அங்கே புகுந்து 137 புலிகளை வெளியே கொண்டுவந்தது. உறைபெட்டியில் 40 குட்டிகளின் உடல்கள் கிடந்தன. முன்பே தெரிந்திருந்தால் அந்த வரிசையில் நின்றிருக்கவே மாட்டோம்.)

அடுத்த நாளுக்கு ஊருக்குள் ஒரு கைடு, அதற்கடுத்த இரண்டு நாளுக்குக் காட்டுக்கு ஒரு கைடு என்று தனித்தனியாகப் பிடித்தோம். தாய்லாந்தில் கைடு வேலையை அந்நாட்டுக் குடிமக்கள்தான் செய்யலாம், உரிமம் வேண்டும், அட்டையைக் கழுத்தில் மாட்டியிருப்பார்கள். அட்டை இல்லாமல் ஒருவர் “இன்னைக்கு அரண்மனை மூடியிருக்கு, நான் வேற கோயிலுக்குக் கூட்டிப்போறேன்” என்று வாசலில் மறித்தால் நிற்காமல் நடந்துவிடுங்கள். பாங்காக்கில் இது பழைய வித்தை. டுக்-டுக்கில் ஏற்றி, கடைசியில் அதே நகைக்கல் கடையில்தான் இறக்குவார்கள்.

எங்கள் ஊர் கைடுக்கு ஐம்பது வயது இருக்கும். தன்னை 'பீ' என்று கூப்பிடச் சொன்னார். அக்கா, அண்ணன் இரண்டுக்கும் அங்கே அதுதான் சொல். தமிழ்க் காதில் அது எப்படி விழும் என்று நான் விளக்க வேண்டியதில்லை. தம்பி நாள் முழுக்க 'மேடம்' என்றே ஓட்டினான்.

காலை எட்டரைக்கு பாங்காக்கின் பெரிய அரண்மனை திறக்கும்போதே நிற்கணும் என்றார், நின்றோம். நுழைவு 500 பாட் (அந்நாட்டு நாணயம்). தம்பியின் முக்கால் பேன்ட்டை வாசலிலேயே தடுத்துவிட்டார்கள். எதிர்ச்சாரியில் யானைப் படம் போட்ட தொளதொள பேன்ட் வாங்கி மாட்டிக்கொண்டு வந்தான். அங்கே வருகிற பாதிப் பேர் அதே பேன்ட்டில்தான் சுற்றுகிறார்கள்.

அரண்மனை வளாகத்துக்குள்ளேதான் மரகத புத்தர் கோயில். பெயர்தான் மரகதம், சிலை பச்சை நிற ஜேட் வகைக் கல், உயரம் 66 சென்டிமீட்டர். கோடை, மழை, குளிர் என்று வருஷத்துக்கு மூன்று முறை மன்னர் கையால் அதற்கு உடை மாற்றுகிறார்கள். கூட்டம் மொத்தமும் அதைப் பார்க்கத்தான் முண்டும். எங்கள் கைடு எங்களை அங்கே பத்து நிமிடம் உட்காரவைத்துவிட்டு (காலை மடக்கிப் பின்பக்கமாக வைத்துக்கொள்ளுங்கள், பாதம் புத்தரை நோக்கி நீளக் கூடாது) நேராகச் சுற்றுப் பிராகாரத்துக்குக் கூட்டிப்போனார். சுவர் முழுக்க ராமாயணம். அவர்கள் 'ராமகியன்' என்பார்கள். மொத்தம் 178 காட்சிகள். “எல்லாத்தையும் காட்டினால் எதுவும் மனசில் நிற்காது, ஐந்து காட்டுகிறேன்” என்றார்.

அதில் ஒன்றில், ராட்சச உருவெடுத்த அனுமன் ஒரு மண்டபத்தையே வாய்க்குள் வைத்துக்கொண்டிருக்கிறார். உள்ளே ராமர் தூங்குகிறார். பாதாளத்து அரக்கன் மையராப் திருடிக்கொண்டு போய்விடாமல் இருக்கத்தான் இந்தக் காவல் என்று அவர் ஆங்கிலத்தில் சொல்ல, நான் அம்மாவுக்குத் தமிழில் சொல்ல ஆரம்பித்தேன். பாதியிலேயே அம்மா, “மயில்ராவணன்டா. எங்க ஆத்தா சொல்லுவா. அனுமார் வாலைச் சுத்திக் கோட்டை கட்டி வச்சிருப்பாரு” என்றார். வால்மீகியில் இல்லாத கதை. நம்ம ஊர்ப் பாட்டிமார் கதையில் இருக்கிறது, அங்கே அரண்மனைச் சுவரில் தங்க ரேக்கோடு இருக்கிறது. கைடுக்கு அதை மொழிபெயர்த்துச் சொன்னதும் அவர் அம்மா பக்கத்தில் வந்து நின்றுகொண்டார். அதன்பிறகு எனக்கு வேலை இரட்டிப்பு.

சிக்கல் அடுத்த படத்தில். அங்கே அனுமன் பிரம்மச்சாரி இல்லை. தோட்சகனின் (தசகண்டன், அதாவது ராவணன்) மகளான சுவன்னமச்சா என்ற மச்சகன்னி மீது ஆசைப்பட்டு, மச்சானு என்று ஒரு பிள்ளையும் உண்டு. “அனுமாருக்கா?” என்று அம்மா இரண்டு தடவை கேட்டார். மேற்கொண்டு அந்தச் சுவரைப் பார்க்க மாட்டேன் என்று நிழலில் போய் உட்கார்ந்துவிட்டார். கைடு விழுந்து விழுந்து சிரித்தார்.

வாட் போவுக்கு இரண்டாம் முறை போனோம். 46 மீட்டர் நீளமுள்ள புத்தரை எல்லோரும் முகப்பக்கமிருந்து படம் எடுக்கிறார்கள். நீங்கள் பாதத்துக்குப் போங்கள். உள்ளங்காலில் 108 மங்கலச் சின்னங்களைச் சிப்பியில் இழைத்திருக்கிறார்கள். முதுகுப்பக்கம் வரிசையாக 108 வெண்கலக் கிண்ணங்கள். ஒரு குவளைச் சில்லறை வாங்கி ஒவ்வொன்றிலும் ஒன்றாகப் போட்டுக்கொண்டே நடக்கணும். முந்தின நாள் 35 நிமிடத்தில் இந்தச் சத்தம் எங்கள் காதில் விழவே இல்லை. டிங், டிங் என்று மண்டபம் முழுக்க ஓயாமல் ஓடுகிறது, யாரோ ஒருத்தர் எப்போதும் போட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அம்மாவுக்கு எண்பது சொச்சத்தில் காசு தீர்ந்துபோயிற்று. பின்னால் வந்த ஒரு தாய்லாந்துப் பாட்டி ஒன்றும் பேசாமல் தன் குவளையிலிருந்து பாதியை அம்மா குவளையில் கொட்டிவிட்டுப் போனார்.

மதியத்துக்கு மேல் நடந்ததுதான் இந்தப் பயணத்தில் யாரும் விளம்பரப்படுத்தாத பகுதி. ஊர் நடுவே சாவ் சிங் சா என்று சிவப்பு வண்ணத்தில், 20 மீட்டருக்கு மேல் உயரமான ஊஞ்சல் கம்பம் நிற்கிறது. இப்போது ஊஞ்சல் கிடையாது, கம்பம் மட்டும்தான். முன்பு அதில் ஆட்கள் ஆடி உயரே போய், மூங்கில் நுனியில் கட்டிய காசு முடிப்பைப் பல்லால் கவ்வுவார்களாம். விபத்துகள் ஏற்பட்டு 1930-களில் ஆட்டத்தை நிறுத்திவிட்டார்கள். பக்கத்திலேயே தேவசதான் என்ற கோயில், 1784-இல் முதலாம் ராமா மன்னர் காலத்தில் கட்டியது. சிவன், பிள்ளையார், விஷ்ணு மூவருக்கும் தனித்தனிச் சந்நிதி. வெள்ளை உடுத்திக் குடுமி முடிந்த அரசவைப் பிராமணர்கள் பூஜை செய்கிறார்கள்.

ஊஞ்சல் விழா நின்றாலும் கோயிலுக்குள் சடங்கு நிற்கவில்லை என்றார் கைடு. பெயர் கேட்டேன். “திரியம்பவாய், திரிபவாய்.”

நான் கவனிக்கவில்லை. அம்மாதான், “திரும்பச் சொல்லச் சொல்லு” என்றார். அவர் சொன்னார். அம்மா மெதுவாக, “திருவெம்பாவை. திருப்பாவை” என்றார்.

அதேதான். டிசம்பர்-ஜனவரியில், நம்ம மார்கழியை ஒட்டி, அந்தப் பிராமணர்கள் தலைமுறை தலைமுறையாகக் கிரந்த வழி எழுத்தில் எழுதி வைத்திருக்கும் பாடல்களை ஓதுகிறார்கள். திருவெம்பாவைப் பகுதிகள் அதில் இருப்பதை அறிஞர்கள் அடையாளம் கண்டிருக்கிறார்கள். ஓதுகிறவர்களுக்குப் பொருள் தெரியாது, உச்சரிப்பும் மாறிப்போயிருக்கிறது. தென்னிந்தியாவுக்கும் சயாம் (தாய்லாந்தின் பழைய பெயர்) கரைக்கும் போக்குவரத்து பழசுதான். தெற்கே தக்குவா பா என்ற ஊரில் கிடைத்த தமிழ்க் கல்வெட்டு, ஒரு குளம் வெட்டியதையும் அதை மணிக்கிராமம் என்ற வணிகக் குழுவின் காவலில் விட்டதையும் சொல்கிறது. 9-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. இதெல்லாம் எனக்குப் பிறகு தெரிந்தது. அன்றைக்கு அங்கே அம்மா செருப்பைக் கழற்றிவிட்டு, சந்நிதி வாசலில் இருபது பாட்டையும் முணுமுணுத்து முடிக்கிறவரை நாங்கள் காத்திருந்தோம்.

சாப்பாடு பற்றி ஒரே வரி: சைவம் என்றால் 'ஜே' என்று சொல்லுங்கள், மஞ்சள் கொடியில் சிவப்பெழுத்துப் போட்ட கடையைத் தேடுங்கள். காய்கறி வறுவலிலும் மீன் சாறு ஊற்றுவார்கள்.

மூன்றாம் நாள் அதிகாலை காவோ யாய். 1962-இல் அறிவித்த தாய்லாந்தின் முதல் தேசியப் பூங்கா, பாங்காக்கிலிருந்து வடகிழக்கே மூன்று மணி நேரக் கார்ப் பயணம். வெளிநாட்டவருக்கு 400 பாட். காட்டு கைடு வயசுப் பையன், பேச்சு குறைவு. முக்காலியோடு ஒரு தொலைநோக்கியைத் தோளில் போட்டுக்கொண்டிருந்தான். பாதி நேரம் “ஷ்ஷ்” என்பதைத் தவிர வேறெதுவும் சொல்லவில்லை.

முதலில் கிப்பன். வாலில்லாக் குரங்கு. தாய்லாந்து மொழியில் 'சனீ'. ஆணும் பெண்ணுமாகக் காலையில் ஜோடி சேர்ந்து கூவும். பெண்ணின் குரல் கீழே தொடங்கி இழுத்து இழுத்து மேலே ஏறி உடையும். “புவா, புவா என்று கூப்பிடுகிறது, புவா என்றால் புருஷன்” என்றான் பையன். கணவனுக்குத் துரோகம் செய்த மோரா என்பவள் சாபத்தால் கிப்பனாகி இன்னும் அவனைத் தேடிக் கூவுகிறாள் என்று அவர்கள் கதை. பத்து நிமிடம் தலையை அண்ணாந்து நின்றோம். இலை அசைந்தது, ஒரு கை மட்டும் தெரிந்தது, உடம்பை விட நீளமான கை. அவ்வளவுதான். தம்பி “இதுக்கா நாலு மணிக்கு எழுந்தோம்” என்று ஆரம்பித்தான்.

அப்போதுதான் அந்தச் சத்தம். பழைய கரி எஞ்சின் மூச்சு விடுகிற மாதிரி புஸ்... புஸ்... என்று தலைக்கு மேலே. இருவாச்சி. இறக்கையில் காற்று புகுந்து வரும் ஓசை அது, பறவை கண்ணில் படுமுன் காதுக்கு வந்துவிடும். வால்பாறைக்கு இரண்டு தடவை போய் ஏமாந்து திரும்பியவன் நான். அத்திமரத்தில் உட்கார்ந்ததும் பையன் முக்காலியை ஊன்றி என்னைப் பார்க்கச் சொன்னான். மஞ்சள் அலகு, மேலே கொண்டை, கண் சிவப்பு. “சிவப்புக் கண் ஆண். பெண் என்றால் வெள்ளை” என்றான். பழத்தை நுனியலகில் பிடித்து, மேலே எறிந்து, தொண்டையில் வாங்கிக்கொண்டது. ஒன்று, இரண்டு, பதினொன்று வரை எண்ணினேன். விழுங்குவது தனக்கு இல்லை. பெண் மரப்பொந்துக்குள் தன்னை வைத்து அடைத்துக்கொண்டு முட்டையோடு இருக்கும், ஒரு கீற்று இடைவெளி வழியாக இது ஊட்டும். நாற்பது பேர் பஸ் அங்கே வந்திருந்தால் முதல் கதவு திறக்கும் சத்தத்தில் பறந்திருக்கும்.

யானை பார்க்கவில்லை. உடைந்த மூங்கில், சாணம், ஒரு மரத்தில் சேற்றைத் தேய்த்த தடம். பையன் கையைத் தூக்கி நின்றான், தடம் அதற்கும் ஒரு முழம் மேலே இருந்தது. மறுநாள் பார்த்த அருவியின் பெயர் ஹேவ் நரோக், 'நரகப் பள்ளம்'. பெயர் சும்மா வைக்கவில்லை. 2019 அக்டோபரில் அங்கே 11 யானைகள் விழுந்து செத்தன. புலி அந்தப் பக்கம் நினைக்கவே வேண்டாம். மேற்கே ஹுவாய் கா கேங் காட்டில் இருக்கிறது, குறுகிய பயணத்தில் அது உங்களுக்குக் கிடைக்காது.

யானை முகாம் போகலாமா என்று கேட்பீர்கள். 1989-இல் மரம் வெட்டத் தடை வந்ததும் வேலையில்லாமல் போன யானைகளும் பாகன்களும்தான் சுற்றுலாவுக்கு வந்தார்கள், ஆகவே 'எல்லாம் கொடுமை, எல்லாவற்றையும் மூடு' என்று நான் சொல்ல மாட்டேன். சவாரி, படம் வரையும் வித்தை, கூட்டமாகக் குளிப்பாட்டுதல் மூன்றும் இல்லாத, தூர நின்று பார்க்கும் இடமா என்று கேட்டுவிட்டு முன்பதிவு செய்யுங்கள்.

சாயங்காலம் பூங்காவுக்கு வெளியே ஒரு குன்றில் வௌவால் குகை. பொழுது சாயும் நேரத்தில் புகை கிளம்புகிற மாதிரி ஒரு கோடு எழுந்து, வளைந்து, வானத்தில் நெளிந்துகொண்டே போயிற்று. நாங்கள் தேநீர் குடித்து முடித்தும் அது முடியவில்லை. ஒரு பருந்து அந்தக் கோட்டுக்குள் பாய்ந்து பாய்ந்து வெளியே வந்தது.

கிளம்புமுன் இரண்டு விஷயம். 2025 மே 1 முதல் டிஜிட்டல் வருகை அட்டை கட்டாயம், அது இலவசம். அதற்கும் காசு கேட்கும் இணையதளங்கள் இருக்கின்றன, ஏமாறாதீர்கள். காட்டுக்கு அட்டைப்பூச்சி சாக்ஸ் கைடே கொடுப்பார். மழைக்காலத்தில் போனால் முழங்காலுக்குக் கீழே ஒரு இடம் விடாமல் இழுத்துக் கட்டுங்கள்.

எந்த மாதம் என்று கேட்டால் நவம்பரிலிருந்து பிப்ரவரிக்குள் என்பேன். அம்மா இப்போதே மார்கழியில் இன்னொரு தடவை போகலாம், அந்தக் கோயிலில் அவர்கள் ஓதுவதைக் கேட்கணும் என்கிறார். டிக்கெட் விலை அந்த மாதம்தான் உச்சத்தில் இருக்கும். தம்பியிடம் பேசச் சொல்லியிருக்கிறேன்.