கனடாவுல ஆஸ்பத்திரி பில் ஏன் வர்றதில்ல?

கேள்வி: எங்க அக்கா பையன் கனடால இருக்கான், அங்க அப்பெண்டிக்ஸ் ஆபரேஷன் பண்ணிட்டு ஒரு டாலர் கூட கட்டாம வீட்டுக்கு வந்துட்டானாம். பக்கத்துலயே இருக்கற அமெரிக்கால அப்படி இல்லையே, இவங்களால மட்டும் எப்படி முடிஞ்சுது?
– ஒரு வாசகி, திருச்சி

பதில்: சஸ்காட்சுவான்னு ஒரு மாகாணம் இருக்குங்க, கோதுமை வெளையற பூமி, குளிர்காலத்துல ரோடெல்லாம் பனி மூடிக்கும், டாக்டர் வந்து தங்கறதே கஷ்டம். அதனால அங்க இருந்த விவசாயிங்க நூறு வருஷத்துக்கு முன்னாடியே வரிப்பணத்துல சம்பளம் போட்டு ஊருக்குன்னு டாக்டர் வச்சுக்கிட்டாங்க. யாருக்கு முடியலன்னாலும் செலவு ஊரோடதுங்கறது அவங்களுக்கு அப்பவே பழகிப்போச்சு.

1944-ல அங்க முதல்வரா வந்தவர் டாமி டக்ளஸ். சின்ன வயசுல அவருக்கு கால் எலும்புல சீழ் வச்சு காலையே எடுக்கணும்ங்கற நிலைமை, குடும்பத்துல காசு இல்ல, அப்ப ஒரு சர்ஜன் தன் ஸ்டூடண்ட்ஸ் பக்கத்துல நின்னு பாக்கலாம்னா ஃப்ரீயா பண்றேன்னு சொல்லி காலைக் காப்பாத்திக் குடுத்தாரு. ஒரு பையன் கால் தப்பிக்கறது அதிர்ஷ்டத்த நம்பி இருக்கக்கூடாதுங்கறத அவர் அரசியல் முழுக்க பேசினாரு. 1947-ல ஆஸ்பத்திரி செலவுக்கு இன்சூரன்ஸ் வந்துச்சு. 1962 ஜூலை 1-ல இருந்து டாக்டர் ஃபீஸும் அரசாங்கமே குடுக்கும்னாங்க, அன்னிக்கே டாக்டருங்க ஸ்ட்ரைக், 23 நாள் நடந்துச்சு, ஆனா திட்டம் அசையாம நிலைச்சு நின்னுச்சு.

இதுல எனக்கு ரொம்ப பிடிச்சது, கட்சி மாறினாலும் விஷயம் மாறல. நாடு முழுக்க எப்படி பண்ணலாம்னு ஆராய ஹால் கமிஷன போட்டது கன்சர்வேட்டிவ் பிரதமர் டீஃபன்பேக்கர், 1966-ல சட்டமாக்கினது லிபரல் பியர்சன். அப்புறம் சில டாக்டருங்க நோயாளிகிட்ட தனியா கூடுதல் ஃபீஸ் வாங்க ஆரம்பிச்சாங்க. 1984-ல வந்த சட்டம் அதுக்கு ஒரு கிடுக்கிப்பிடி போட்டுச்சு, எந்த மாகாணம் எவ்வளவு வாங்க விடுதோ அவ்வளவும் மத்திய அரசு தர்ற பணத்துல கட். பார்லிமெண்ட்ல ஒருத்தர் கூட எதிர்த்து ஓட்டு போடல! மனசுல இருந்த நியாயத்துக்கு இப்படி பணத்தோட ஒரு பூட்டும் இருந்ததாலதான் அது இன்னும் நிக்குதுன்னு நான் உறுதியா நம்பறேன்.

கேள்வி: அப்ப அங்க குறையே இல்லன்றீங்களா?
– வாசகர், மதுரை

பதில்: நிறையவே இருக்குங்க. முட்டி மாத்தற ஆபரேஷனுக்கு மாசக்கணக்குல காத்திருக்கணும். சட்டம் ஆஸ்பத்திரியையும் டாக்டரையும் மனசுல வச்சு எழுதினது, அதனால வீட்டுல சாப்பிடற மாத்திரைக்கும் பல்லுக்கும் ரொம்ப காலம் பலபேர் கைக்காசுதான் போட்டாங்க. 2002-ல ரோமனோ கமிஷன் நாடு பூரா சுத்தி ஜனங்ககிட்ட கேட்டு, காசப் பாத்து இல்ல தேவையப் பாத்துதான் வைத்தியம்ங்கறதுல மக்கள் தெளிவா இருக்காங்கன்னு எழுதி, மருந்து செலவையும் படிப்படியா உள்ள கொண்டுவாங்கன்னு சொல்லுச்சு. இவ்வளவு பெருமைப்படற ஒரு நாடு அதுக்கப்புறமும் இருபது வருஷம் இழுத்ததுதான் எனக்கு கோபம், மருந்துக்கான சட்டம் 2024-லதான் வந்துச்சு, அதுவும் முதல்ல சுகர் மருந்துக்கும் கருத்தடைக்கும் மட்டும்.