வாத்தியாரம்மா வேஷம் கட்டிய வாத்தியாரம்மா

1994-இல் வந்த ‘தி லயன் கிங்’ கார்ட்டூன் படத்தில் சிம்பாவின் அம்மா சராபிக்குக் குரல் கொடுத்தவர் முன்பு பள்ளி ஆசிரியையாமே? எனக்கும் முப்பது நெருங்குகிறது. நாடகக் குழுவில் சேரப் போகிறேன் என்றால் வீட்டில் சிரிக்கிறார்கள்.
- ஓர் ஆசிரியை, கரூர்

அவர் மேட்ஜ் சின்க்ளேர். 1938-இல் ஜமைக்காவின் கிங்ஸ்டனில் பிறந்தவர். ஷார்ட்வுட் மகளிர் கல்லூரியில் ஆசிரியப் பயிற்சி, பள்ளிக்கூட உத்தியோகம், இரண்டு ஆண் பிள்ளைகள் என்று போய்க்கொண்டிருந்தது வாழ்க்கை. 1968-இல் உங்கள் வயதில்தான் வேலையை விட்டுவிட்டு, நடிப்பதற்கென்றே நியூயார்க்குக்குப் போனார். அங்கேயும் உறவுக்காரர்கள் சிரித்திருப்பார்கள், சந்தேகமே வேண்டாம்!

போனதும் சினிமா கிடைத்துவிடவில்லை. ஜோசப் பாப் நடத்திய நியூயார்க் ஷேக்ஸ்பியர் விழாக் குழுவின் நாடகங்களில் நடித்தார். பழைய நூலகக் கட்டடம் ஒன்றைத்தான் அந்தக் குழு அரங்கமாக்கி வைத்திருந்தது. கோடையில் சென்ட்ரல் பார்க்கில் காசே வாங்காமல் நாடகம் போடுவார்கள்.

பெயர் வாங்கித் தந்த சினிமா, 1974-இல் வந்த ‘கான்ராக்’. கதை நடப்பது தெற்குக் கரோலைனா கடலோரத் தீவு ஒன்றில். கறுப்பினப் பிள்ளைகள் மட்டும் படிக்கும் பள்ளிக்கு வெள்ளைக்கார வாத்தியாராக ஜான் வொய்ட் வருகிறார். அவருடைய ‘கான்ராய்’ என்ற பெயர் பிள்ளைகள் வாயில் ‘கான்ராக்’ ஆகிவிடுகிறது. மேட்ஜுக்கு என்ன வேஷம் தெரியுமா? அதே பள்ளியின் தலைமையாசிரியை திருமதி ஸ்காட்! இவரும் கறுப்பினப் பெண். அடியாத மாடு படியாது என்ற கட்சி.

வேறு யாராவது நடித்திருந்தால் வெறும் கொடுமைக்காரியாக முடிந்திருக்கும். மேட்ஜின் கண்டிப்புக்கு அடியில் ஒரு பயம் தெரிகிறது: நாளைக்கு வெள்ளைக்காரன் ஊரில் பிழைக்கப் போகிற பிள்ளைகள், இப்போதே அடங்கி நடக்கப் பழகாவிட்டால் என்ன ஆவார்களோ என்று. வகுப்பறையில் நின்று பழகிய உடம்பு அது. நீங்கள் பார்த்தால் உடனே கண்டுபிடித்துவிடுவீர்கள். படத்தைத் தேடிப் பாருங்கள். குழுவிலும் சேருங்கள், ஆனால் சம்பளத்தை இப்போதே விட வேண்டாம்.

இவ்வளவு திறமைசாலி ஏன் கதாநாயகி ஆகவில்லை?
- கல்லூரி மாணவி, திருநெல்வேலி

முப்பதைத் தாண்டிய கறுப்பினப் பெண்ணுக்கு அன்றைய ஹாலிவுட் வைத்திருந்தது அம்மா, டீச்சர், நர்ஸ் வேடங்கள்தான். கோபப்பட வேண்டிய விஷயம். ஆனால் கிடைத்ததில் அவர் விளையாடினார். 1977-இல் அமெரிக்க அடிமைமுறையைப் பற்றிய ‘ரூட்ஸ்’ தொலைக்காட்சித் தொடரில், அடிமை குன்டா கின்டேயின் மனைவி பெல், எஜமானர் வீட்டுச் சமையற்காரி. மகள் கிஸியை விற்கும்போது எஜமானரிடம் கெஞ்சுகிறாள். இத்தனை வருஷம் உழைத்ததற்காகவாவது இரங்க மாட்டாரா என்ற நம்பிக்கை அவள் முகத்தில் கொஞ்சம் கொஞ்சமாகச் செத்துப் போகும். அந்த வேடத்துக்கு, அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருதுப் பரிந்துரை கிடைத்தது. விருதே வாங்க 1991 ஆயிற்று, ‘கேப்ரியல்ஸ் ஃபயர்’ தொடருக்காக.

மேட்ஜும் நடிகர் ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸும் நிஜ தம்பதிகளா?
- வாசகர், மதுரை

இல்லை சார். திரையில்தான். ‘கமிங் டு அமெரிக்கா’வில் ராஜா ராணி, ‘லயன் கிங்’கில் முஃபாசாவும் சராபியும். ‘கேப்ரியல்ஸ் ஃபயர்’ நாயகனும் ஜோன்ஸேதான். அந்த 1991 விழாவில் அவருக்கும் எம்மி கிடைத்தது.