யானையானால் என்ன, குளித்துவிட்டுப் போ!

கேள்வி: என் மகளுக்கு 6 வயது. ஒரு சிறுமி நாளுக்கொரு விலங்காக மாறுவதாக நானே ஒரு வேடிக்கைக் கதையைப் புனைந்து, இரவில் அவளுக்குச் சொல்லி வருகிறேன். முதல் நாள் விழுந்து விழுந்து சிரித்தாள். மூன்றாம் நாள் பாதியிலேயே சலித்துக்கொண்டாள். நான்காம் நாள், பூனையாகிவிட்ட சிறுமியை அவளுடைய அம்மாவே அடுப்படியிலிருந்து விரட்டியதாகச் சொன்னபோது அழுதுவிட்டாள். மனிதர் விலங்காவது சாபக் கதை, குழந்தைக்கு அது வேண்டாம் என்கிறார் என் மாமியார். இந்தக் கதையை எப்படிச் சொல்வது?
– ஒரு வாசகி, ஒத்தக்கடை, மதுரை

பதில்: உங்கள் மகள் அழுத இடத்திலேயே பாதி விடை இருக்கிறது. சிறுமிக்கு வாலும் மீசையும் முளைத்ததற்காக அவள் அழவில்லை. பெற்ற தாய்க்கே பிள்ளையை அடையாளம் தெரியாமல் போயிற்றே என்றுதான் அழுதாள். அந்த வயதில் அதைவிடப் பெரிய அச்சம் வேறில்லை. ஆகவே உங்கள் கதையில் சிறுமி எந்த உருவத்தில் எழுந்து வந்தாலும், வீட்டில் உள்ளவர்கள் அவளை முதல் பார்வையிலேயே கண்டுகொள்ள வேண்டும். கண்டுகொண்ட பிறகு சிறிதும் வியப்படையாமல் அன்றாட வேலையைப் பார்க்கவும் வேண்டும்.

உங்கள் மாமியார் சொல்வதிலும் நியாயம் உண்டு. நம் பழங்கதைகளில் உருமாற்றம் பல நேரங்களில் சாபத்தால்தான் நேர்கிறது. ஆனால் மதுரைக் கதைகள் சாபத்தோடு நின்றுவிடுவதில்லை. சாபத்தால் பன்றிக்குட்டிகளாகப் பிறந்த 12 பேர் தாயை இழந்து பசியால் துடித்தபோது, சொக்கநாதரே தாய்ப்பன்றியாக வந்து பாலூட்டியதாகத் திருவிளையாடற் புராணம் சொல்கிறது; மீனாட்சியம்மன் கோயிலுக்கு எதிரே உள்ள புதுமண்டபத்துத் தூணில் அதைச் சிற்பமாகவும் வடித்திருக்கிறார்கள். அந்தப் படலத்தைப் பேத்திக்குச் சொல்லும்படி உங்கள் மாமியாரையே கேளுங்கள். அப்பத்தாவின் வாயால் அதைக் கேட்ட குழந்தைக்கு உருமாற்றம் அச்சம் தருவதாக இராது.

சிரிப்புக்கான வழியும் அதே புராணத்தில் இருக்கிறது. குதிரை வாங்கப் பாண்டியன் கொடுத்த பொருளை அவனுடைய அமைச்சர் திருவாதவூரர் (மாணிக்கவாசகர்) இறைபணிக்குச் செலவிட்டுவிட, இறைவன் காட்டு நரிகளைக் குதிரைகளாக்கி அழைத்து வந்தார் அல்லவா? பகலெல்லாம் கம்பீரமாக நின்ற அந்தக் குதிரைகள் நள்ளிரவில் மீண்டும் நரிகளாகி, ஊளையிட்டு, இலாயத்திலிருந்த பழைய குதிரைகளையும் கடித்துவிட்டு ஓடின. ஆவணி மூலத் திருவிழாவில் ஆண்டுதோறும் நடக்கும் லீலை என்பதால் உங்களுக்கும் தெரிந்த கதைதான். அங்கே வெளியே பரி, உள்ளே நரி. உங்கள் கதையிலோ வெளியே விலங்கு, உள்ளே குளிக்க மறுத்து அடம்பிடிக்கும் அதே சிறுமி. அவள் குணம் மாறாமல் உடல் மட்டும் மாறும்போதுதான் சிரிப்பு வருகிறது. குணத்தையும் மாற்றிவிட்டால் அது வெறும் யானைக் கதையாகவோ பூனைக் கதையாகவோ போய்விடும். மூன்றாம் நாள் சலிப்புத் தட்டியதற்கு அதுவே காரணமாக இருக்கலாம்.

உங்கள் ஊரிலிருந்தே தொடங்கலாம். யானைமலையைப் பார்த்தபடி வளரும் பொன்னி, யானையாகிவிட்டால் யாரும் தன்னைத் தூக்கிக் குளிப்பாட்ட முடியாது என்று எண்ணிக்கொண்டு உறங்குகிறாள்; காலையில் யானையாகவே எழுகிறாள். அப்பத்தா நிமிர்ந்து பார்த்து, “யானையானால் என்ன, குளித்துவிட்டுப் பள்ளிக்கூடம் போ” என்கிறார். தெருவின் குடங்கள் எல்லாம் காலியாகின்றன. தேங்காய் நாரால் ஒரு பக்கம் தேய்த்து முடிப்பதற்குள் பள்ளிக்கூட மணி அடித்துவிடுகிறது. மறுநாள் அவள் பசுமாடு. “வகுப்பில் என்ன மெல்கிறாய்?” என்று ஆசிரியை கேட்க, “காலையில் சாப்பிட்டது, டீச்சர்” என்று உண்மையையே சொல்கிறாள். அதற்கடுத்த நாள் அழகர்மலைக் குரங்குகளைப் போலக் கன்னப்பை நிறையப் பணியாரத்தை அடக்கிக்கொண்டு வந்தவளை ஏழாம் வாய்ப்பாடு ஒப்பிக்கச் சொல்கிறார்கள். பல்லியான நாளில் கதவிடுக்கில் சிக்கிய வாலை விட்டுவிட்டு வீடு திரும்புகிறாள், அம்மாவோ, “போன வாரம் பென்சில், நேற்று ரப்பர், இன்று வாலையும் தொலைத்துவிட்டு வந்திருக்கிறாயா?” என்று கடிந்துகொள்கிறாள்.

இவற்றில் ஒன்றுகூட விலங்கின் இயல்புக்கு மாறானதன்று என்பதைக் கவனியுங்கள். மாடு விழுங்கியதை மீண்டும் வாய்க்குக் கொண்டுவந்து அசைபோடுகிறது. நாட்டுக்குரங்கு கன்னத்துக்குள் இரையைச் சேமிக்கிறது. பல்லி தன் வாலை உதிர்த்துவிட்டுத் தப்புகிறது, பின்னர் அதற்கு வால் முளைக்கவும் செய்கிறது. “மாடாக மாறினாள், அம்மா என்று கத்தினாள்” என்று குரலை மட்டும் காட்டினால் குழந்தை ஒருமுறைதான் சிரிக்கும். பகலில் மகளோடு தெருவில் நின்று, படுத்திருக்கும் மாட்டின் தாடை எந்தப் பக்கமாக அசைகிறது என்று பார்த்துவிட்டு வந்தால், இரவுக் கதையில் பாதியை அவளே நடித்துக் காட்டிவிடுவாள். அந்த மகிழ்ச்சிக்காகவே இந்தச் சிரமத்தை மேற்கொள்ளலாம் என்பேன்.

பொன்னி திரும்பவும் சிறுமியாகும் நாளுக்கு மந்திரமோ முனிவரோ தேவையில்லை. ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் அவள் போர்வைக்குள் வாலைத் தேடட்டும், வால் இல்லை. தும்பிக்கையைத் தேடட்டும், சின்ன மூக்குத்தான் இருக்கிறது. “அப்பத்தா, இன்றைக்கு நான் என்ன விலங்கு?” என்று கத்திக்கொண்டு அடுப்படிக்கு ஓடட்டும். அப்பத்தா எண்ணெய்க் கிண்ணத்தோடு தயாராக நிற்கிறார்.