ஸ்னெல்லிங் கோட்டை குடியேறிகளை விரட்டியது ஏன்?

வணக்கம். குடியேறிகளைக் காக்கவே கட்டப்பட்ட, அமெரிக்காவின் மினசோட்டாவிலுள்ள ஸ்னெல்லிங் கோட்டையின் படைவீரர்கள் 1840-இல் அந்தக் குடியேறிகளின் வீடுகளையே இடித்தது முரணாக இருப்பதால் உங்கள் கட்டுரை நின்றுவிட்டதாக எழுதியிருக்கிறீர்கள். முரண் உங்கள் முதல் வரியில்தான் இருக்கிறது: அந்தக் கோட்டை குடியேறிகளைக் காக்கக் கட்டப்பட்டதல்ல.

1805-இல் பைக் என்னும் அமெரிக்கப் படை அதிகாரி அங்குள்ள பூர்வகுடிகளான டகோட்டா மக்களிடம் ஒப்பந்தம் மூலம் பெற்ற நிலத்தில், மிசிசிப்பியும் மினசோட்டா ஆறும் கூடுமிடத்தில், 1819-இல் படை வந்திறங்கியது. மென்மயிர் வணிகத்தைக் கட்டுப்படுத்துவதும் பிரிட்டிஷ் செல்வாக்கைத் தடுப்பதுமே அதன் நோக்கங்கள். அக்கம்பக்கத்தில் குடிசை போட்டவர்களில் பலர், வடக்கே இன்றைய கனடாவில் செல்கர்க் பிரபு நிறுவிய செவ்வாற்றுக் குடியேற்றத்திலிருந்து, குறிப்பாக 1826 வெள்ளத்திற்குப் பின், வந்தவர்கள். பட்டா இல்லாவிட்டாலும், அவர்கள் இருப்பதைக் கோட்டை நெடுங்காலம் பொறுத்துக்கொண்டது.

1830-களின் இறுதியில், விறகு தீர்வதையும் படைவீரர்களுக்குச் சாராயம் விற்கப்படுவதையும் கண்ட தளபதி பிளிம்டன், கோட்டைக்கென ஒதுக்கப்பட்ட இராணுவ நிலத்தின் எல்லையை விரித்து வரைந்தார். சாராயம் விற்காத உழவர்களும் அந்த எல்லைக்குள் சிக்கியது எனக்கு அநியாயமாகவே படுகிறது. 1840 மே மாதம் விரட்டப்பட்டவர்கள் மிசிசிப்பி ஆற்றின் போக்கில் கீழ்நோக்கி நகர்ந்தனர். மறு ஆண்டு பாதிரியார் கால்த்தியே அங்கே எழுப்பிய மரக்கட்டைச் சிற்றாலயத்தின் பெயரே இன்றைய செயின்ட் பால் நகரின் பெயர். ஆகவே, கட்டுரையை 1805 ஒப்பந்தத்திலிருந்து தொடங்குங்கள்.