நுண்பாசியில் இருந்து எரிபொருள்: கேளுங்கள், சொல்கிறேன்

கேள்வி: சார், மொட்டை மாடியில் 1000 லிட்டர் தொட்டி சும்மா கிடக்கிறது. பாசி வளர்த்தால் வண்டிக்கு டீசல் கிடைக்குமா?

பதில்: திறந்த குளத்தில் நன்றாக வளர்ந்த பாசியே லிட்டருக்கு அரை கிராம் அளவில்தான் இருக்கும். உங்கள் தொட்டி முழுவதையும் வடிகட்டினால் காய்ந்த பாசி 500 கிராம். அதில் ஐந்தில் ஒரு பங்கு எண்ணெய் என்றாலும் 100 கிராம்தான். கற்றுக்கொள்ளத் தாராளமாக வளருங்கள். டீசலை நம்பி இறங்க வேண்டாம்.

கேள்வி: சில இனங்களில் பாதிக்கு மேல் எண்ணெய் என்கிறார்களே?

பதில்: உண்மைதான். ஆனால் எப்போது என்று கேட்க வேண்டும். நைட்ரஜன் தீர்ந்துபோனால் பாசியால் புரதம் செய்ய முடியாது, செல் பிரிவதும் நின்றுவிடும். வெயில் மட்டும் விடாமல் அடிக்கிறது. அப்போது பிடித்த கார்பனை எண்ணெயாகச் சேர்த்து வைக்கிறது. நைல் ரெட் சாயம் போட்டு ஒளிர்வு நுண்ணோக்கியில் பாருங்கள், எண்ணெய்த் துளிகள் பொன்மஞ்சளாக மின்னும். அவ்வளவு அழகு! ஆனால் குளம் வளரவில்லையே. சதவீதம் ஏறும், சதுர மீட்டருக்கு ஒரு நாளில் கிடைக்கும் மொத்த எண்ணெய் ஏறாது. 1978 முதல் 1996 வரை அமெரிக்க எரிசக்தித் துறை நடத்திய ஆய்வுத் திட்டம் கண்ட பெரிய பாடம் இது. யார் சதவீதம் சொன்னாலும் அந்த மொத்தக் கணக்கைக் கேளுங்கள்.

கேள்வி: அவர்கள் குளம் வெட்டிப் பார்த்தார்களா?

பதில்: பார்த்தார்கள். நியூ மெக்சிகோவின் ராஸ்வெல்லில், 1000 சதுர மீட்டர் குளங்கள். சில நாட்களில் சதுர மீட்டருக்கு 50 கிராம் பாசி கிடைத்தது. சராசரி 10 கிராம்தான். பாலைவன இரவுக் குளிர் கெடுத்துவிட்டது. ஆய்வகத்தில் பொறுக்கி எடுத்த இனங்களைக் குளத்தில் விட்டால், அந்த ஊர்ப் பாசி வந்து குளத்தைப் பிடித்துக்கொண்டது. அதனால் உங்கள் ஊர்த் தண்ணீரில் தானாக வளர்வதில் இருந்து தொடங்குங்கள் என்பேன்.

கேள்வி: சத்துணவாக விற்கும் ஸ்பைருலினா என்ற நுண்பாசி எரிபொருளுக்குச் சரிவருமா?

பதில்: வராது. புரதம் அதிகம், எண்ணெய் குறைவு. சாப்பாட்டுக்கு விற்கலாம்.

கேள்வி: காய வைக்காமல் எண்ணெய் எடுக்க முடியுமா அண்ணா?

பதில்: முடியும். ஈரப் பாசிக் குழம்பை உயர் அழுத்தத்தில் 300 டிகிரிக்கு மேல் சூடாக்கினால் கச்சா எண்ணெய் போன்ற ஒன்று கிடைக்கும். புரதமும் மாவுச்சத்தும்கூட ஓரளவு எண்ணெயாகும். அதோடு நைட்ரஜனும் வந்துவிடும், அதைச் சுத்திகரிப்பில் நீக்க வேண்டும்.

கேள்வி: 2009-ல் பாசி எரிபொருள் ஆய்வில் இறங்கிய பெரிய எண்ணெய் நிறுவனம் எக்ஸான்மொபிலே 2023-ல் விலகிவிட்டது. முடிந்த கதையா?

பதில்: எரிபொருளுக்காக மட்டும் வளர்த்தால் இன்றைக்குக் கட்டுப்படியாகாது. என் நம்பிக்கை கழிவுநீரில்தான். நைட்ரஜனும் பாஸ்பரசும் அதிலேயே இருக்கின்றன. சுத்திகரிக்க எப்படியும் செலவழிக்கிறோம். அங்கே வளர்ந்த பாசியில் எண்ணெய் குறைவாக இருந்தாலும், சாண எரிவாயுக் கலன் போன்ற காற்றில்லாக் கலனில் அப்படியே மட்கவிட்டு மீத்தேன் எரிவாயு எடுக்கலாம். உலர்த்தும் செலவு மிச்சம்.