வாசகர் கேள்வி – பதில்: திரையில் தோன்றிய சட்டப் பேராசிரியர்

கேள்வி: அரசியல் நெருக்கடி வரும்போதெல்லாம் பிரெஞ்சுத் தொலைக்காட்சிகள் சட்டப் பேராசிரியர்களை அழைத்து விளக்கம் கேட்கின்றனவே, அவர்களில் குறிப்பிடத்தக்கவர் யார்?

பதில்: என் மதிப்பில் முதலிடம், 2013-இல் காலமான கீ கார்க்கசோனுக்கே உரியது. நான்தேர் பல்கலைக்கழகத்தில் அரசியலமைப்புச் சட்டம் கற்பித்த அவர், 1988 முதல் 1991 வரை பிரதமர் மிஷேல் ரோக்காரின் ஆலோசகராக இருந்து, அறுதிப் பெரும்பான்மை இல்லாத அந்த அரசின் மசோதாக்களுக்கு மற்றக் கட்சிகளிடம் ஆதரவு திரட்டியவர். வாக்கெடுப்பின்றி மசோதாவை நிறைவேற்ற இடந்தரும் பிரெஞ்சு அரசியலமைப்பின் 49-ஆம் பிரிவின் 3-ஆம் பத்தியை, அதாவது 24 மணி நேரத்துக்குள் கொண்டுவரப்படும் நம்பிக்கையில்லாத் தீர்மானம் வென்றால் மசோதாவோடு அரசையும் கவிழ்த்துவிடக்கூடிய அந்த விதியை, விளக்குவதற்கு இத்தகைய அனுபவம் வேண்டும். அரசியலமைப்புச் சீர்திருத்தத்தைப் பரிந்துரைக்க 2007-இல் முன்னாள் பிரதமர் பலாதூர் தலைமையில் அமைந்த குழுவிலும் அவர் உறுப்பினர். அதைத் தொடர்ந்து வந்த 2008 அரசியலமைப்புத் திருத்தம்தான், நடைமுறையிலுள்ள சட்டத்தையே அரசியலமைப்புக்கு முரணானது என்று வழக்காடுபவர் கேள்விக்குள்ளாக்கும் உரிமையைத் தந்தது.